எஞ்சிய பிரதிகளில் அலி உவுர்

1964-ஆம் ஆண்டு பெர்லின் திரைப்பட விழாவில் தங்கக் கரடி விருது பெற்ற ‘சூசுஸ் யாஸ்’ என்ற துருக்கியப் படத்தையும், அதற்குப் பத்தாண்டுகள் கழித்து எடுக்கப்பட்டு, ‘துருக்கிய எக்சார்சிஸ்ட்’ என்ற பட்டப்பெயரோடு இன்றுவரை கேலிக்கு ஆளாகிவரும் ‘ஷெய்தான்’ என்ற பேய்ப்படத்தையும் இயக்கியவர் ஒருவரே என்பது உலக சினிமாவைத் தொடர்ந்து பார்ப்பவர்களுக்குத் தெரிந்த செய்திதான். அவர் மெத்தின் எர்க்சான். அந்த இரு படங்களுக்கும் ஒளிப்பதிவு செய்தவரும் ஒருவரே என்பதை அநேகமாக யாரும் எடுத்துச் சொல்வதில்லை. அவர் பெயர் அலி உவுர்.

எர்க்சானின் கதையை ஒரு வீழ்ச்சியின் கதையாகச் சொல்வது விமர்சகர்களுக்குப் பழகிப்போன வழி. நிலத்தையும் நீரையும் பற்றி அத்தனை கூர்மையாகப் படமெடுத்த ஒருவர், பிழைப்புக்காக ஹாலிவுட் பேய்ப்படத்தைக் காட்சிக்குக் காட்சி பின்பற்றும் நிலைக்கு வந்துவிட்டார் என்று அவர்கள் வருந்துவார்கள். அந்த வருத்தத்தில் நியாயம் இல்லாமல் இல்லை. ஆனால் அதே வாதத்தை ஒளிப்பதிவாளருக்கும் பொருத்திப் பார்த்தால் அது நிற்பதில்லை. அலி உவுர் போன்ற ஒருவருக்குக் கதையைத் தேர்ந்தெடுக்கும் உரிமை எந்தக் காலத்திலும் இருந்ததில்லை. விருதுப் படமோ, கடத்தல்காரர் படமோ, காதல் படமோ, பேய்ப்படமோ, வந்ததை எடுப்பதுதான் அவர் தொழில். ஆகவே அவருடைய படங்களை உயர்ந்தவை, தாழ்ந்தவை என்று பிரித்து அடுக்குவதைவிட, அவற்றை ஒரே கையின் வேலையாக வரிசையாகப் பார்ப்பதே பொருத்தம் என்று நினைக்கிறேன். அப்படிப் பார்க்கும்போது எனக்குத் திரும்பத் திரும்பத் தோன்றும் ஓர் எண்ணத்தைத்தான் இந்தக் கட்டுரையில் விரித்துச் சொல்ல முயல்கிறேன்: ஒரு ஒளிப்பதிவாளரைப் பற்றி நாம் கொள்ளும் மதிப்பை, அவர் எடுத்த காட்சியைக் காட்டிலும், அந்தக் காட்சி நம் கைக்கு வந்து சேரும் பிரதியின் நிலையே பெரும்பாலும் தீர்மானித்துவிடுகிறது.

அதற்கு முன் அவர் வேலை செய்த இடத்தைப் பற்றிச் சொல்ல வேண்டும். இஸ்தான்புல்லின் பெயோலு பகுதியில், இஸ்திக்லால் பெருந்தெருவிலிருந்து பிரியும் ஒரு சிறு தெருவின் பெயர் யெஷில்சாம். படக் கம்பெனிகளின் அலுவலகங்கள் அங்கும் அதைச் சுற்றியுள்ள தெருக்களிலும் நெருக்கியடித்துக்கொண்டு இருந்ததால், அந்தக் காலத்துத் துருக்கிய வெகுஜன சினிமா முழுவதற்குமே அந்தத் தெருவின் பெயர் வந்துவிட்டது. 1972-ஆம் ஆண்டில் மட்டும் அங்கே ஏறக்குறைய 300 படங்கள் தயாராயின. இத்தனை படங்களுக்கும் முதல் போட்டவர்கள் பெரிய ஸ்டூடியோ முதலாளிகள் அல்லர். அதானா, இஸ்மிர், சாம்சுன் என்று நாடு வட்டாரங்களாகப் பிரிக்கப்பட்டிருக்க, ஒவ்வொரு வட்டாரத்தின் விநியோகஸ்தரும் இந்த நடிகர் வேண்டும், இன்ன மாதிரிக் கதை வேண்டும் என்று சொல்லி, கடன் பத்திரமாக முன்பணம் எழுதிக் கொடுப்பார். தயாரிப்பாளர் அந்தப் பத்திரத்தை வட்டிக்காரரிடம் கழிவுக்கு மாற்றிக் காசாக்கி, அந்தக் காசு தீர்வதற்குள் படத்தை முடிக்க வேண்டும். படப்பிடிப்புத் தளத்தில் நிலவிய அவசரத்துக்கு வேர் இந்த ஏற்பாட்டில் இருந்தது.

இந்த ஏற்பாட்டில் மிக விலையுயர்ந்த பொருள் நட்சத்திரத்துக்கு அடுத்தபடியாகப் பிலிம் சுருள்தான். அது வெளிநாட்டிலிருந்து வர வேண்டும். அந்நியச் செலாவணித் தட்டுப்பாடு இருந்த நாட்டில் அது சுலபமாகக் கிடைக்கும் சரக்கும் அல்ல. ஆகவே ஒரு காட்சியை இரண்டாம் முறை எடுப்பது என்பதே ஆடம்பரம். நடிகர் வசனத்தை மனப்பாடம் செய்ய நேரம் இல்லாததால், கேமராவுக்குப் பக்கத்தில் ஒருவர் நின்று வரி வரியாகச் சொல்லிக் கொடுக்க, நடிகர் அதைக் கேட்டு உதட்டை அசைப்பார். படப்பிடிப்பில் ஒலியே பதிவு செய்யப்படுவதில்லை. எல்லாக் குரலும் பின்னால் டப்பிங் கூடத்தில், பல நேரங்களில் வேறொருவர் தொண்டையிலிருந்து, சேர்க்கப்படும்.

ஒலி இல்லாத படப்பிடிப்பு என்பது ஒளிப்பதிவாளருக்கு ஒரு வகையில் சுதந்திரம். கேமரா எவ்வளவு இரைந்தாலும் பரவாயில்லை. ஆகவே அதைத் தோளில் தூக்கிக்கொண்டு வயலுக்குள்ளும் நெரிசலான தெருவுக்குள்ளும் இறங்கிவிடலாம். மறுபக்கம், அதுவே பெரும் சுமையும்கூட. நடிகரின் சொந்தக் குரல் படத்தில் இருக்காது என்னும்போது, அவர் தளத்தில் தந்த நடிப்பில் எஞ்சப்போவது முகமும் உடலும் மட்டுமே. அவற்றைக் காப்பாற்றித் திரைக்குக் கொண்டு சேர்க்கும் பொறுப்பு முழுவதும் கேமராக்காரர் மேல் விழுகிறது. இதை உணர்ந்த பிறகு, யெஷில்சாம் படங்களை முதலில் ஒலியோடு ஒருமுறை பார்த்துவிட்டு, பின்னர் ஒலியை முற்றிலும் அணைத்துவிட்டுப் பார்ப்பதை நான் வழக்கமாக்கிக்கொண்டேன். படப்பிடிப்புத் தளத்தில் பிலிமில் பதிவானது அந்த ஒலியற்ற படம்தான் என்பதால், அலி உவுரின் வேலைக்கு மிக அருகில் செல்லும் வழியும் அதுவே.

‘சூசுஸ் யாஸ்’ என்றால் நீரற்ற கோடை. நெஜாத்தி ஜுமாலியின் கதையை வைத்து, இஸ்மிருக்கு அருகில் ஊர்லா வட்டாரத்தில் உள்ள பாதெம்லெர் கிராமத்தில் 1963-இல் படமாக்கினார்கள். ஓஸ்மான் என்ற புகையிலை விவசாயியின் நிலத்தில் ஊற்று பிறக்கிறது. என் நிலத்து நீர் எனக்கே என்று அவன் அணை கட்டி, கீழே உள்ள வயல்களுக்குத் தண்ணீர் போகாமல் தடுக்கிறான். அவனுடைய தம்பி ஹசன், பஹார் என்ற பெண்ணை மணந்து வீட்டுக்கு அழைத்து வருகிறான். தண்ணீர்ச் சண்டையில் ஓஸ்மான் ஒருவனைச் சுட்டுக் கொன்றுவிட, தம்பி பழியை ஏற்றுச் சிறைக்குப் போகிறான். அண்ணனின் பார்வை இப்போது தண்ணீரிலிருந்து தம்பி மனைவியின் மேல் திரும்புகிறது. எரோல் தாஷ் ஓஸ்மானாகவும், பதின்ம வயதில் இருந்த ஹுல்யா கோச்யீட் தமது முதல் படத்தில் பஹாராகவும் நடித்தார்கள். தம்பியாக நடித்த உல்வி தோவான்தான் படத்தின் தயாரிப்பாளரும்.

ஒலியை அணைத்துவிட்டுப் பார்த்தால் இந்தப் படம் பார்வையைப் பற்றிய படம் என்பது உடனே விளங்கிவிடும். ஓஸ்மான் சுவர் இடுக்கு வழியாகப் புதுமணத் தம்பதியரைப் பார்க்கிறான். வயலில் வேலை செய்யும் பஹாரைப் பார்க்கிறான். பசுவின் மடியில் வாய் வைத்துப் பால் குடித்துக்கொண்டே அவளைப் பார்க்கிறான். அந்தப் பால் குடிக்கும் காட்சியை எழுத்தில் படித்தால் அருவருப்பாகத்தான் இருக்கும். ஆனால் திரையில் அது நம்மை விலகவிடாமல் பிடித்து வைப்பதற்குக் காரணம், கேமரா ஓஸ்மானைத் தொலைவிலிருந்து குற்றஞ்சாட்டவில்லை; அவன் முகத்துக்கு மிக நெருங்கி, அந்தத் தோலின் சொரசொரப்பும் வியர்வையும் தெரியும் அளவுக்கு வந்து நிற்கிறது. எரோல் தாஷ் பின்னாளில் துருக்கிய சினிமாவின் நிரந்தர வில்லனாகவே அறியப்பட்டவர். அந்த முகத்தை வெறும் வில்லன் முகமாக எடுப்பது எவருக்கும் எளிது. அலி உவுர் அதை வெயிலில் காய்ந்த நிலத்தைப் போலவே எடுத்தார். நிலத்துக்கும் முகத்துக்கும் ஒரே கடினமான பக்கவாட்டு வெளிச்சம். இரண்டிலும் ஒரே வெடிப்புகள்.

நீரை எடுத்த விதத்தை இன்னும் சற்று நின்று பார்க்க வேண்டும். கருப்பு வெள்ளையில் தண்ணீரைப் படம் பிடிப்பது கடினம். உச்சி வெயிலில் அது வெறும் வெள்ளைத் தகடாக வெளிறிப்போகும். நிழலில் கருத்துச் சேறு போல ஆகிவிடும். இந்தப் படத்தில் வாய்க்கால் நீருக்கு எடையும் ஓட்டமும் இருப்பது ஒவ்வொரு முறையும் தெரிகிறது. மதகைத் திறக்கும்போது வறண்ட மண்மீது நீர் முன்னேறும் விளிம்பு, ஒளியின் கோணம் சரியாக அமைந்ததால், கறுத்த நிலத்தின்மேல் ஊர்ந்து வரும் உயிர்போலத் துலங்குகிறது. இறுதியில் சகோதரர்கள் இருவரும் நீருக்குள்ளேயே கட்டிப் புரள, ஓஸ்மான் மூழ்கி இறந்து, அவன் அடைத்து வைத்த அதே நீரில் பிணமாக மிதந்து கீழ்நோக்கிப் போகிறான். அவன் மறித்துவைத்த தண்ணீர் கடைசியில் அவனையே சுமந்துகொண்டு ஊருக்குப் போகிறது என்பதை ஒரு வசனமும் சொல்வதில்லை; வாய்க்காலின் நேர்க்கோட்டைக் கேமரா பார்த்த பார்வையே சொல்லிவிடுகிறது.

பெர்லினில் பரிசு பெற்றும் அந்தப் படத்துக்கு நல்ல காலம் வந்துவிடவில்லை. தோவான் அதை வெளிநாட்டுக்கு எடுத்துச் சென்றார். எர்க்சானின் படத்தில் இல்லாத காமக் காட்சிகள் சேர்க்கப்பட்டு, வேறு பெயரில் ஒரு வடிவம் அங்கே சந்தைக்கு வந்தது. மூலப் படம் பல ஆண்டுகள் பரவலான பார்வைக்கு எட்டாமலே கிடந்தது. அமெரிக்க இயக்குநர் மார்ட்டின் ஸ்கோர்செசி தொடங்கிய உலக சினிமா அறக்கட்டளை 2008-இல் அதை இத்தாலியின் பொலோன்யா நகரில் மீட்டெடுத்த பிறகுதான், நான் மேலே சொன்ன நீரும் தோலும் இன்றைய பார்வையாளருக்குத் தெரியலாயின. அதற்கு முன்பு ஏதோ ஒரு மங்கிய பிரதியில் இதைப் பார்த்திருந்தால், அலி உவுரைப் பற்றி இவ்வளவு எழுத எனக்கு ஒன்றும் அகப்பட்டிருக்காது.

இரண்டாவதாகச் சொல்ல வேண்டியது 1966-இல் லுத்ஃபி அகாத் இயக்கிய ‘ஹுதுத்லாரின் கானூனு’, அதாவது எல்லைகளின் சட்டம். இதை இன்று கலைப் படங்களின் வரிசையில் வைத்துப் பேசுகிறார்கள். அன்றைய ரசிகருக்கு இது யில்மாஸ் கூனெயின் துப்பாக்கிப் படம். கூனெய் அப்போது ‘அசிங்க ராஜா’ என்று மக்களால் செல்லமாக அழைக்கப்பட்ட சண்டைப்பட நாயகர். அவர் படம் என்றால் அனதோலிய ஊர்களில் கூட்டம் நிச்சயம். இந்தப் படத்தில் அவர் துருக்கி, சிரியா எல்லையில் ஆட்டு மந்தைகளைக் கள்ளத்தனமாகக் கடத்திப் பிழைக்கும் ஹிதிர் என்பவராக வருகிறார். எல்லை நெடுகிலும் முள்கம்பி. அதன் ஓரம் புதைக்கப்பட்ட கண்ணிவெடிகள். பையனைப் படிக்க வைக்க வேண்டும், நேர்மையாக உழுது வாழ வேண்டும் என்று ஹிதிர் முயல்கிறான். நிலமும் அதிகாரமும் பழைய கடத்தல் பகைகளும் அவனை விடுவதாயில்லை. எதிர்த்தரப்பில் மறுபடியும் எரோல் தாஷ்.

‘சூசுஸ் யாஸ்’ படத்தில் பள்ளத்தாக்கும் நாணலும் மரநிழலும் ஒளிந்து பார்ப்பதற்கு இடம் கொடுத்தன. இந்தப் படத்தின் களமான உர்ஃபா பக்கத்துச் சமவெளியில் ஒளிந்துகொள்ள ஒரு புதர் கிடையாது. மண் வீடுகள், கற்கள், வானம் ஆகியவையே உண்டு. அலி உவுர் இங்கே தம் முறையை மாற்றிக்கொள்கிறார். முகத்தை நெருங்குவதைக் குறைத்து, ஆளைத் தொலைவில் நிறுத்தி, வானத்துக்குச் சட்டகத்தில் அதிக இடம் கொடுக்கிறார். குதிரையில் வரும் ஒருவன் தொடுவானத்தில் புள்ளியாகத் தோன்றி நம்மை நோக்கி வளர்வதைக் காத்திருந்து காட்டுவது அமெரிக்கக் கௌபாய்ப் படங்களின் உத்திதான். அதைக் கடன் வாங்கியதில் ஐயமே இல்லை. ஆனால் அந்த வெட்டவெளி இங்கே வீரத்தின் மேடையாக அமைவதில்லை. கால் வைக்கும் எந்த இடத்திலும் வெடி இருக்கலாம் என்று தெரிந்தபின், அகன்ற சமவெளிக் காட்சி ஒவ்வொன்றும் நெஞ்சை அடைக்கிறது. விரிந்த வெளியைக் காட்டி மூச்சுமுட்ட வைப்பது சாதாரண வேலை அல்ல. வெகுஜன சண்டைப் படத்தின் உத்திகளை வைத்துக்கொண்டே அதைச் செய்தார்கள் என்பதுதான் இந்தப் படத்தின்மேல் எனக்குள்ள பெரும் மதிப்புக்குக் காரணம்.

1980 செப்டம்பரில் இராணுவம் ஆட்சியைக் கைப்பற்றிய பிறகு கூனெயின் படங்கள் வேட்டையாடப்பட்டன. இந்தப் படத்தின் பிரதிகள் பறிமுதல் செய்யப்பட்டு அழிந்துபோக, ஒரே ஒரு திரையரங்குப் பிரதி மட்டும் எஞ்சியது. அந்த ஒற்றைப் பிரதியிலிருந்துதான் இதே அறக்கட்டளை பின்னாளில் படத்தை மீட்டது. நெகட்டிவ் இல்லாத இடத்தில் மீட்புக்கு எல்லை உண்டு. கீறல்களும், அறுந்து ஒட்டிய இடங்களில் காட்சி குதிப்பதும், சாம்பல் நிறப் படிகள் சுருங்கி வெள்ளையும் கருப்பும் முரட்டுத்தனமாக மோதிக்கொள்வதும் இப்போதும் தெரிகின்றன. அந்த முரட்டுத்தனத்தைப் படத்தின் அழகாகவே சிலர் எழுதியிருப்பதைப் படித்திருக்கிறேன். எனக்கு அதில் உடன்பாடில்லை. ‘சூசுஸ் யாஸ்’ படத்தின் சாம்பல் படிகளைப் பார்த்தவர்களுக்கு, அலி உவுர் எல்லைப்புறத்து வானத்தை இப்படி வெறும் வெள்ளையாக விட்டிருக்க மாட்டார் என்று தெரியும். நாம் பார்ப்பதில் ஒரு பங்கு அவருடையது, மற்றொரு பங்கு இராணுவ ஆட்சியினுடையது.

1968-இல் அதே அகாத்துடன் எடுத்த ‘வெசிகாலி யாரிம்’ பற்றிச் சுருக்கமாகச் சொல்லலாம், ஏனென்றால் துருக்கியரே அதைக் கொண்டாடி நிறைய எழுதிவிட்டார்கள். கோஜாமுஸ்தஃபாபாஷா பகுதியில் காய்கறிக் கடை வைத்திருக்கும் ஹலீல் என்ற குடும்பஸ்தனும், பெயோலுவின் இரவு விடுதி ஒன்றில் வாடிக்கையாளரோடு அமர்ந்து மது அருந்தும் வேலை செய்யும் சபிஹா என்ற பெண்ணும் காதலிக்கிறார்கள். அவன் மணமானவன் என்பது அவளுக்குப் பிறகு தெரிகிறது. இஸ்ஸெத் கூனாயும் துர்க்கான் ஷோராயும் நடித்தார்கள். அழுகைப் படம் என்று ஒதுக்கிவிடக்கூடிய கதை. ஒளிப்பதிவு இரண்டு உலகங்களையும் வெவ்வேறு வெளிச்சத்தில் வைத்திருக்கிறது. கடையிருக்கும் தெருவில் பகலின் பரவலான ஒளி, எல்லோருக்கும் எல்லோரும் தெரியும் வெளிச்சம். விடுதியில் மேசைக்கு மேசை தனித்தனியாகத் தேங்கி நிற்கும் ஒளி, அதற்கு வெளியே இருட்டு. சபிஹா பகல் வெளிச்சத்தில் அந்தத் தெருவுக்குள் நடந்து வரும்போது, அவள் தவறான இடத்துக்கு வந்துவிட்டாள் என்பதை அவள் முகத்துக்கு முன்பே வெளிச்சம் சொல்லிவிடுகிறது.

இனி ‘ஷெய்தான்’. அமெரிக்காவில் ‘தி எக்சார்சிஸ்ட்’ 1973 டிசம்பர் இறுதியில் வெளிவந்தது. துருக்கியத் திரையரங்குகளுக்கு அது வருவதற்குப் பல ஆண்டுகள் முன்னதாகவே, 1974-இல், தயாரிப்பாளர் ஹுல்கி சானெரின் கம்பெனி எர்க்சானை வைத்துத் தன் படத்தை எடுத்து முடித்துவிட்டது. வீட்டில் தாயும் மகளும், மகளைப் பற்றும் தீய சக்தி, மருத்துவர்களின் தோல்வி, கடைசியில் பேயோட்டும் சடங்கு என்று காட்சிகளின் அடுக்கு அப்படியே மூலத்தினுடையது. கிறித்தவச் சடங்குகளுக்குப் பதிலாகக் குர்ஆன் ஓதுதலும் மக்காவின் புனித ஸம்ஸம் நீரும் வருகின்றன. சிலுவை வரும் இடத்தில் சாத்தான் தலைப் பிடி கொண்ட காகிதக் கத்தி வருகிறது. மூலத்தில் ஐயத்தோடு போராடும் இளம் பாதிரியார் இடத்தில், பேய் பிடித்தலை மனநோயின் வெளிச்சத்தில் ஆராய்ந்து புத்தகம் எழுதிய துர்ருல் என்ற அறிஞர். ஜிஹான் உனால் அந்த வேடத்திலும், ஜானான் பெர்வெர் குல் என்ற சிறுமியாகவும் நடித்தார்கள். மூலப் படத்தில் வந்த மைக் ஓல்ட்ஃபீல்டின் ‘டியூபுலர் பெல்ஸ்’ இசையும் கேட்டுக் கேட்டுச் சலிக்கும்வரை ஒலிக்கிறது.

இதைத் திருட்டு என்று சொல்பவர்களோடு நான் வாதாடப் போவதில்லை. என் அக்கறை வேறு. ஓவன் ராய்ஸ்மன் ஒளிப்பதிவு செய்த மூலப் படத்துக்கு, நடிகர்களின் மூச்சு வெண்புகையாகத் தெரிய வேண்டும் என்பதற்காகச் சிறுமியின் அறையையே நியூயார்க் ஸ்டூடியோவில் கட்டி, ராட்சதக் குளிர்சாதன இயந்திரங்களால் உறைநிலைக்குக் கீழே கொண்டுபோனார்கள். சுவர்களை நகர்த்தலாம்; கட்டிலை எந்திரத்தால் ஆட்டலாம்; ஒரு காட்சியை மனம் நிறையும்வரை திரும்ப எடுக்கலாம். அதே காட்சிகளை எடுக்கும்படி அலி உவுருக்குச் சொல்லப்பட்டபோது, இவற்றில் எதுவுமே அவரிடம் இல்லை. குளிரூட்ட முடியாத அறையில் குளிரின் பயத்தை உண்டாக்க வேண்டும். காட்சி அமைப்பைப் பார்த்து எழுதிக்கொள்ளலாம்; வெளிச்சத்தை அப்படி எடுத்து வந்துவிட முடியாது. ஆகவே கதையில் எவ்வளவு நகல் இருந்தாலும், ஒளிப்பதிவைப் பொறுத்தவரை ஒவ்வொரு காட்சியும் அங்கே புதிதாகத் தீர்க்க வேண்டிய கணக்காகவே இருந்திருக்கும்.

எல்லாக் கணக்கும் சரியாக வந்துவிட்டதாகச் சொல்ல முடியாது. பகல் நேரக் கூடத்துக் காட்சிகள் பல தட்டையாக, அவசரமாக வெளிச்சமிட்டவை என்பது அப்பட்டமாகத் தெரிகிறது. ஜூம் லென்ஸ் எல்லை மீறிப் பயன்படுத்தப்பட்டிருக்கிறது. யாராவது அதிர்ச்சியடைந்தால் கேமரா உடனே அவர் கண்ணை நோக்கிப் பாய்கிறது. 1970-களில் உலகம் முழுவதுமே அந்தப் பழக்கம் இருந்தது என்றாலும், தண்டவாளம் போட்டு டிராலியை நகர்த்த நேரமும் ஆளும் இல்லாத யெஷில்சாமில் அது ஆசையினால் வந்த பழக்கம் அல்ல, பிழைக்கும் வழி. கருப்பு வெள்ளையிலிருந்து வண்ணத்துக்கு மாறியபோது அந்தத் தலைமுறை ஒளிப்பதிவாளர்கள் இழந்ததும் அதிகம். நிழலால் பேசிப் பழகியவர்களுக்கு, அதிக வெளிச்சத்தைக் கேட்கும் வண்ணச் சுருளும், அந்த வெளிச்சத்தைத் தர முடியாத விளக்குகளும் ஒன்றாக வந்து சேர்ந்தன.

ஆனால் ஒலியை அணைத்துவிடுங்கள். அந்த இரவல் இசை போய்விடுகிறது. டப்பிங் கூடத்தில் ஒட்டிய பேய்க்குரல் போய்விடுகிறது. நம்மைச் சிரிக்க வைத்தவற்றில் பாதிக்கு மேல் அந்த ஒலியோடு சேர்ந்து போய்விடுவதை உணரலாம். மிச்சமிருப்பது ஒரு வீடு, அதன் மாடிப்படி, மூடிய அறைக்கதவு, அந்தக் கதவை நோக்கி ஏறும் தாயின் முகம். சிறுமியின் அறைக்குள் கேமரா நுழைந்ததும் படத்தின் தன்மையே மாறிவிடுவதைக் கவனித்தேன். வெளியே நிலையில்லாமல் ஜூம் அடித்துக்கொண்டிருந்த அதே கேமரா, இங்கே கட்டிலுக்கு அருகில் வந்து, ஓஸ்மானின் முகத்தை நெருங்கியதைப் போலவே அந்தக் குழந்தையின் முகத்தை நெருங்குகிறது. ஒப்பனை மலிவானது என்பது தெரிந்துவிடும் என்று அஞ்சி அது பின்வாங்கவில்லை. ஜானான் பெர்வெரின் கண்களில் ஒரு நொடி வந்துபோகும் சோர்வு, பேயின் சோர்வா, பற்றப்பட்ட குழந்தையின் சோர்வா, நடித்துக் களைத்த சிறுமியின் சோர்வா என்று பிரித்துச் சொல்ல முடியாத ஒன்று, அந்த நெருக்கத்தினால்தான் பிலிமில் விழுந்திருக்கிறது. எர்க்சான் பள்ளிவாசலில் படத்தை முடிக்கும்போது, அத்தனை நேரம் அடைபட்ட அறையிலேயே இருந்த நமக்கு அந்த உயர்ந்த கூடமும் அகலமும் திடீரென மூச்சுவிட இடம் கொடுக்கின்றன. வீட்டை இறுக்கமாக எடுத்து வைத்திருந்ததன் பலன் அங்கே கிடைக்கிறது.

என் கைக்குக் கிடைத்த ‘ஷெய்தான்’ பிரதி, வீடியோ நாடாவிலிருந்து வந்த மங்கல் நகல். சிவப்பு பரவி, ஓரங்கள் வெட்டுப்பட்டு, இருட்டான பகுதிகள் எல்லாம் ஒரே சேறாகக் கலங்கியிருந்தன. இணையத்தில் இதைப் பார்த்துச் சிரிப்பவர்களில் பலரும் இத்தகைய நகலைத்தான் பார்த்திருப்பார்கள். அந்தச் சேற்றுக்குள் அலி உவுர் எந்த நிழலை எவ்வளவு வைத்தார் என்று தீர்ப்புச் சொல்ல நமக்கு என்ன தகுதி இருக்கிறது?

துருக்கிய வெகுஜன படங்கள் மொத்தத்துக்கும் நேர்ந்தது இதுதான். 1953-இல் வந்த ‘டிராகுலா இஸ்தான்புல்தா’வுக்கு ஓஸென் செர்மெத் ஒளிப்பதிவு செய்தார். புகை இயந்திரம் இல்லாததால், படக்குழுவினர் சட்டகத்துக்கு வெளியே கூட்டமாக நின்று சிகரெட் புகைத்து ஊதித்தான் கல்லறை மூடுபனியை உண்டாக்கினார்கள் என்று சொல்லப்படுகிறது. அந்தத் தகவலைச் சிரிப்பதற்காகவே எல்லோரும் எடுத்துச் சொல்கிறார்கள். அந்தப் புகைக்குள் விளக்கை எந்தப் பக்கத்திலிருந்து வைத்தால் அது பனியாகத் தெரியும் என்று செர்மெத் கண்டுபிடித்ததைப் பற்றி யாரும் பேசுவதில்லை. 1982-இல் சேத்தின் இனாஞ்ச் இயக்கி, சேத்தின் கூர்தோப் ஒளிப்பதிவு செய்த ‘துன்யாயி குர்த்தாரான் ஆதாம்’ இன்னும் பெரிய கேலிப்பொருள். ‘ஸ்டார் வார்ஸ்’ படத்தின் துண்டுகளைத் திரையில் ஓடவிட்டு, அதன் முன்னால் ஜூனெய்த் ஆர்கினை ஹெல்மெட்டோடு உட்கார வைத்து விண்வெளிப் போரை எடுத்த படம் அது. பல்லாண்டுகள் அது தேய்ந்துபோன வீடியோ நகல்களில் மட்டுமே உலவியது. 2016-இல் எட் கிளேசர் என்ற அமெரிக்கர், ஓய்வுபெற்ற திரையரங்கு ஆபரேட்டர் ஒருவரிடம் எஞ்சியிருந்த 35 மி.மீ. பிரதியைக் கண்டுபிடித்து அதை ஸ்கேன் செய்தார். அதன் பிறகு கப்படோக்கியாவின் பாறைக் கூம்புகளுக்கு நடுவே எடுத்த காட்சிகள் தெளிந்து வந்தன. பாறையின் நிறமும், வெயில் சாயும் நேரத்தைத் தேர்ந்தெடுத்து எடுத்திருந்ததும் தெரியவந்தன. படத்தின் கதை அறிவுக்குப் பொருந்தாததாகவே இருக்கிறது, அதில் மாற்றம் இல்லை. ஆனால் கேமராவுக்குப் பின்னால் தொழில் தெரிந்த ஒருவர் நின்றிருந்தார் என்பதை மறுப்பது இப்போது கடினமாகிவிட்டது.

மீட்பு நிறுவனங்கள் படங்களை இயக்குநரின் பெயரால்தான் தேர்ந்தெடுக்கின்றன. பரிசு பெற்றவை, தடை செய்யப்பட்டவை, வரலாற்றில் இடம் பெற்றவை முதலில் வருகின்றன. அதில் நியாயம் உண்டு, ஏனென்றால் பணம் குறைவு, அழிவு வேகமானது. 1959-இல் இஸ்தான்புல் நகராட்சியின் பிலிம் கிடங்கு எரிந்தபோதே துருக்கியின் பழைய படங்களில் பெரும் பகுதி போய்விட்டது. எஞ்சியவற்றைக் காப்பதே பெரும் பாடு. ஆனால் இந்தத் தேர்வின் விளைவாக, ஒரே மனிதரின் வேலையில் ஒரு பாதி பளபளவென்று கழுவித் துடைக்கப்பட்டும், மறுபாதி அழுக்கோடும் நம்முன் நிற்கிறது. பிறகு நாம் கழுவியதைக் கலை என்றும், அழுக்கானதைக் குப்பை என்றும் பிரித்து, அந்தப் பிரிவினை அவருடைய திறமையிலேயே இருந்ததுபோல எழுதுகிறோம்.

ஒரு திரைப்பட விழாவை நடத்தும் வாய்ப்புள்ளவர்களிடம் நான் வேண்டிக்கொள்வது இதுதான். நெகட்டிவிலிருந்தோ கிடைப்பதில் மிகச் சிறந்த திரையரங்குப் பிரதியிலிருந்தோ ‘ஷெய்தான்’ படத்தை ஸ்கேன் செய்யுங்கள். அதை நள்ளிரவுக் கேளிக்கைக் காட்சியாகப் போடாமல், ‘சூசுஸ் யாஸ்’, ‘ஹுதுத்லாரின் கானூனு’, ‘வெசிகாலி யாரிம்’ ஆகிய மூன்றுக்கும் அடுத்ததாக, அதே அரங்கில், வேளையோடு காட்டுங்கள். இயக்குநர்கள் இருவர், கதைகள் நான்கு; நிகழ்ச்சி நிரலின் தலைப்பில் அலி உவுர் என்ற பெயர் மட்டும் இருக்கட்டும்.